காணப்பட்டவரும் கண்டவரும்: லீ மில்லரின் போர்க்கால ஒளிப்படங்கள் பற்றிய ஒரு நோக்கு

கண்ணாற் காண்பதும் பொய், காதாற் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய் என்பது நம்மவரிடையே வழங்கும் பழமொழி. வரலாறு பயில்வோர் ஒவ்வொருவரும் நினைவிலிருத்த வேண்டிய வாசகம் இது. ஆயினும் விசாரணை என்பது வெறுவெளியில் நிகழ்வதன்று. யாரோ ஒருவர் முதலிற் சென்று கண்டிருக்க வேண்டும். கண்டதைப் பதிந்திருக்க வேண்டும். பதிந்தது அழியாமற் காக்கப்பட்டிருக்கவும் வேண்டும். இம்மூன்றும் நிறைவேறிய பின்னரே விசாரணைக்கு இடமுண்டு. இம்மூன்று படிகளிலும் தடைகளை எதிர்கொண்ட ஒருவரின் வாழ்க்கையை ஆராய்வது, வரலாற்றுச் சான்று என்பது எவ்வாறு உருவாகின்றது, எவ்வாறு மறைகின்றது என்பதை விளங்கிக்கொள்ள உதவும். அத்தகையோருள் ஒருவர் இரண்டாம் உலகப்போர்க்காலத்து நிருபரும் ஒளிப்படக் கலைஞருமான லீ மில்லர் ஆவார்.

இவரைப் பற்றி எழுதியோருட் பலர் இவரது அழகையும், இவரைச் சூழ்ந்திருந்த புகழ்வாய்ந்த ஆடவரையும் முதன்மைப்படுத்தினர். அவ்வழிச் செல்லாது, இவர் எதனைக் கண்டார், எவ்வாறு கண்டார், கண்டது என்னவாயிற்று என்னும் வினாக்களையே இக்கட்டுரை எழுப்புகின்றது.

போர்ச் செய்தியும் பெண்களும்

போர்க்களத்திலிருந்து செய்தித்தாளுக்கு எழுதும் தொழில் பத்தொன்பதாம் நூற்றாண்டில் உருவானது. 1854ஆம் ஆண்டு கிறைமியப் போர்க்களத்திலிருந்து வில்லியம் ஹவாட் றசல் என்பார் இலண்டன் ‘ரைம்ஸ்’ பத்திரிகைக்கு எழுதிய கடிதங்கள் இத்தொழிலின் தொடக்கமாக வழக்கமாகச் சுட்டப்படுகின்றன. ஆனால் அதற்கு ஐந்து ஆண்டுகளுக்கு முன்னரே, 1849இல், உறோமாபுரி பிரெஞ்சுப் படையால் முற்றுகையிடப்பட்ட வேளையில், மாகரெற் புல்லர் என்னும் அமெரிக்கப் பெண்மணி அந்நகரிலிருந்து நியூயோர்க்கின் ‘றிபியூன்’ பத்திரிகைக்குச் செய்தி எழுதியதுடன், காயமுற்றோரைப் பராமரிக்கும் வைத்தியசாலையொன்றிலும் பணியாற்றினார். ஆகவே இத்துறைக்குப் பெண்கள் பிற்காலத்தில் வந்து சேர்ந்தவர்கள் எனக் கொள்வது பொருந்தாது. அவர்கள் தொடக்கத்திலேயே இருந்தனர். அவர்களுக்குரிய இடமே தாமதித்து வழங்கப்பட்டது.

இரண்டாம் உலகப்போரில் அமெரிக்கப் படைத்துறை நூற்றுக்கு மேற்பட்ட பெண் நிருபர்களை அங்கீகரித்தது. ஆனால் அவ்வங்கீகாரம் நிபந்தனைக்குட்பட்டதாகவே இருந்தது. தாதியர், வைத்தியசாலைகள், பெண்கள் படைப்பிரிவுகள் ஆகியன பற்றி அவர்கள் எழுதலாம். சமர் நிகழும் முன்னரங்கிற்குச் செல்லலாகாது. 1944 யூன் மாதத்தில் நோர்மண்டிக் கரையைக் காணவிரும்பிய மார்த்தா கெல்கோண் வைத்தியசாலைக் கப்பலொன்றில் ஒளிந்து சென்றே அங்கு சேர வேண்டியிருந்தது. பிரித்தானியப் படைத்துறையோ பெண் நிருபர்களை ஏற்கவே மறுத்தது. இப்பின்னணியிலேயே லீ மில்லரின் பணியை நோக்குதல் வேண்டும்.

காணப்பட்ட முகம்

எலிசபெத் என்னும் இயற்பெயருடைய லீ மில்லர் 1907 ஏப்பிரல் 23ஆந் திகதி நியூயோர்க் மாநிலத்துப் பொகீப்சி என்னும் ஊரிற் பிறந்தார். தந்தையார் தியடோர் மில்லர் ஒரு பொறியியலாளர். ஒளிப்படக் கலையில் மிகுந்த ஈடுபாடு கொண்டவர். ஆகவே இருட்டறையும் இரசாயனக் கரைசல்களும் இவருக்கு இளமையிலேயே பழக்கமாயின. ஏழு வயதில் இவர் பாலியல் வன்முறைக்கு உள்ளானார். அதனால் ஏற்பட்ட நோயும் அதற்குரிய கடுமையான சிகிச்சையும் நெடுநாள் தொடர்ந்தன. இச்செய்தி இவரது மறைவின் பின்னரே வெளியுலகிற்குத் தெரியவந்தது.

1925இல் பாரிஸ் சென்று மேடையமைப்பும் ஒளியமைப்பும் பயின்ற இவர், மறு ஆண்டு நியூயோர்க் திரும்பி ஓவியம் கற்றார். ஒரு நாள் வீதியைக் கடக்க முற்பட்டவேளை, விரைந்து வந்த வாகனத்தின் முன்னிருந்து இவரைப் பிடித்திழுத்துக் காப்பாற்றியவர் ‘வோக்’ சஞ்சிகையின் உரிமையாளர் கொண்டே நாஸ்ற் என்பது பலராலும் கூறப்படும் செய்தி. 1927 மார்ச் மாதத்து ‘வோக்’ அட்டையில் ஜோர்ஜ் லெபாப் வரைந்த இவரது முகம் வெளிவந்தது. அன்றுதொட்டு எட்வேட் ஸ்ரைக்கன் முதலாய தலைசிறந்த ஒளிப்படக் கலைஞர்கள் இவரைப் படம்பிடித்தனர். 1928இல் அப்படங்களுள் ஒன்று, பெண்களின் மாதவிடாய்க்காலப் பாவனைப் பொருளொன்றின் விளம்பரத்தில், இவரது சம்மதம் பெறப்படாமலே வெளியிடப்பட்டது. அக்காலச் சமூகம் அதனைப் பெரும் அவதூறாகக் கருதியது. தன் உருவம் தனக்குச் சொந்தமன்று, அதனைப் பதிந்தவருக்கும் விற்றவருக்குமே சொந்தம் என்னும் உண்மையை இருபத்தொரு வயதில் இவர் இவ்வாறு கற்றுக்கொண்டார்.

இருட்டறையும் பாலைவனமும்

1929இல் இவர் மீண்டும் பாரிஸ் சென்றார். இம்முறை படமாவதற்கன்றி, படமெடுக்கக் கற்பதற்கே சென்றார். மீயதார்த்தவாதிகள் எனப்பட்ட கலைஞர் குழுவைச் சேர்ந்த மான் றே என்னும் அமெரிக்கரிடம் மாணவியாகச் சேர்ந்து, விரைவிலே அவரது உதவியாளராகவும் காதலியாகவும் தொழிற் கூட்டாளியாகவும் ஆனார். இருவரும் சேர்ந்து பயன்படுத்திய உத்திகளுள் ஒன்று, படம் துலக்கப்படும் வேளையில் அதன்மேற் கணநேரம் வெளிச்சம் படச்செய்வதாகும். அதனால் ஒளியும் நிழலும் பகுதியளவில் இடம்மாறி, உருவத்தின் ஓரத்திற் கருங்கோடு ஒன்று தோன்றும். இருட்டறையில் தன் காலின் மேலே ஏதோ ஓடியதாக உணர்ந்து விளக்கைப் போட்டபோதே இது தற்செயலாக நேர்ந்தது என மில்லர் பிற்காலத்திற் கூறினார். இரசாயன அடிப்படையில் இவ்விளைவு பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே அறியப்பட்டதொன்று. எனினும் அதனைக் கலையுத்தியாக வளர்த்த பெருமை நெடுங்காலம் மான் றேக்கு மட்டுமே உரியதாகக் கூறப்பட்டது. இதே உத்தியை நமது நாட்டிலே கொழும்பில் வாழ்ந்த லயனல் வென்ற் தமது ஒளிப்படங்களிற் சிறப்புறக் கையாண்டமை ஈண்டு நினைவுகூரத்தக்கது. பாரிஸ் இருட்டறையொன்றிற் பிறந்த பரிசோதனை ஒரு பத்தாண்டுக்குள் இலங்கைவரை எட்டியிருந்தது.

இக்காலத்தில் ழான் கொக்தோவின் திரைப்படமொன்றில் மில்லர் உயிர்பெறும் சிலையாக நடித்தார். 1932இல் அவர் மான் றேயைப் பிரிந்து சென்றபோது, மான் றே அவரது கண்ணின் படத்தை வெட்டியெடுத்துத் தாளமானி ஒன்றின் ஆடுகோலிற் பொருத்தி, அழிக்கப்படவேண்டிய பொருள் என அதற்குப் பெயரிட்டார். கலை வரலாற்று நூல்களில் இப்பொருள் தவறாது இடம்பெறுகின்றது. அக்கண் யாருடையது என்பது சொல்லப்படுகின்றது. அக்கண் எவற்றைக் கண்டது என்பது பெரும்பாலும் சொல்லப்படுவதில்லை.

நியூயோர்க்கில் தம் இளைய சகோதரரை உதவியாளராகக் கொண்டு சொந்தப் படப்பிடிப்பு நிலையம் ஒன்றை நடத்திய மில்லர், 1934இல் எகிப்தியரான அஸீஸ் எலூயி பே என்பாரை மணந்து கெய்ரோவிற் குடியேறினார். 1937இல் சீவாப் பாலைவனச் சோலையின் அருகே இவர் எடுத்த படம் ஒன்றுண்டு. கிழிந்த நுளம்பு வலையின் துவாரத்தினூடாகப் பாலைவனம் விரிகின்றது. வலையின் மீது ஒரு சட்டகம் தொங்குகின்றது. உட்புறத்தின் அடைப்பும் வெளிப்புறத்தின் வெறுமையும் ஒரே பார்வையில் அமைகின்றன. காட்சிக்கும் காண்பவருக்குமிடையே கிழிந்த திரையொன்று எப்போதும் இருக்கின்றது என்னும் உணர்வை இப்படம் தருகின்றது. இவ்வுணர்வு பின்னர் இவரது போர்க்காலப் படங்களிலும் மீண்டும் மீண்டும் தலைகாட்டுவதைக் காணலாம்.

இடிபாட்டு நகரம்

1937இல் பாரிஸில் ஆங்கில ஓவியரான றோலண்ட் பென்றோஸைச் சந்தித்த மில்லர், 1939இல் எகிப்தை விட்டு இலண்டன் வந்து சேர்ந்தபோது போர் மூண்டது. அமெரிக்கக் குடிமகளாகிய இவர் தாய்நாடு திரும்பும்படி அறிவுறுத்தப்பட்டும் மறுத்து, பிரித்தானிய ‘வோக்’ சஞ்சிகையின் ஒளிப்படக் கலைஞரானார். 1940இல் அதன் ஆசிரியப் பொறுப்பை ஏற்ற ஒட்றி விதேர்ஸ், நாகரிக உடைகளைக் காட்டும் சஞ்சிகையும் போர்க்காலத்திற் கடமை உடையது என்ற கருத்துடையவர். ஆடைப் பங்கீடு, தொழிற்சாலைகளிற் பெண்களின் பணி, தாதியர் வாழ்வு ஆகியன அச்சஞ்சிகையில் இடம்பெறலாயின.

1941இல் வெளிவந்த ‘கிறிம் குளோரி’ என்னும் படத்தொகுதியில், குண்டுவீச்சுக்குள்ளான இலண்டனை மில்லர் பதிந்த முறை தனித்தன்மை வாய்ந்தது. இறந்தோர் உடல்களை அவர் காட்டவில்லை. தணிக்கை அதற்கு இடமளித்திராது. மாறாக, நொறுங்கிய தட்டச்சுப் பொறி ஒன்று, வாயில் வழியே செங்கற்கள் பொங்கி வழியும் தேவாலயம் ஒன்று, கழுத்தின் குறுக்கே கம்பி கிடக்க வீழ்ந்திருக்கும் பளிங்குப் பெண்சிலை ஒன்று என்பனவற்றைக் காட்டினார். மீயதார்த்தவாதிகள் கனவில் தேடிய பொருந்தாப் பொருட்களின் சேர்க்கையைப் போர் வீதியெங்கும் பரப்பி வைத்திருந்தது. கலைப் பயிற்சி அவரது கண்ணைச் செய்தியிலிருந்து விலக்கவில்லை. பிறர் இடிபாட்டுக் குவியலை மட்டும் கண்ட இடத்தில் ஒரு வாழ்க்கை அறுந்துபோன புள்ளியைக் காண அது அவருக்கு உதவியது.

1942 டிசெம்பரில் மில்லர் அமெரிக்கப் படைத்துறையின் அங்கீகாரம் பெற்ற நிருபரானார். ‘லைஃப்’ சஞ்சிகையின் ஒளிப்படக் கலைஞர் டேவிட் ஷேர்மன் அவரது நண்பராகவும் களத் தோழராகவும் அமைந்தார். மில்லர் கையாண்டது றோலிஃபிளெக்ஸ் என்னும் கருவி. ஒரு சுருளிற் பன்னிரண்டு படங்களே எடுக்கலாம்; கருவியை நெஞ்சளவில் வைத்துக் குனிந்து பார்த்தே படம்பிடிக்க வேண்டும்; தொலைவிலுள்ளதை அருகிற் கொணரும் வில்லை அதற்கில்லை. ஆகவே எதனைப் பதிய விரும்பினாரோ அதனருகே நடந்து செல்வதைவிட அவருக்கு வேறு வழியிருக்கவில்லை. அவரது படங்களின் நெருக்கத்திற்கு மனவுறுதி மட்டுமன்றிக் கருவியும் காரணமாகும்.

சென் மாலோ

1944ஆம் ஆண்டின் நடுப்பகுதியில் நோர்மண்டிக்குச் சென்ற மில்லர், அங்கு அமெரிக்கக் கள வைத்தியசாலைகளிற் பணிபுரிந்த தாதியரையும் மருத்துவரையும் படம்பிடித்து, அவர்களைப் பற்றி விரிவாக எழுதவுஞ் செய்தார். அதுவரை படங்களை மட்டும் அளித்துவந்தவர் எழுத்தாளராகவும் வெளிப்பட்டார்.

அவ்வாண்டு ஓகஸ்ட் மாதத்தில், பிரான்சின் கடற்கரை நகரான சென் மாலோ கைப்பற்றப்பட்டுவிட்டது எனக் கருதிய அதிகாரிகள், போர் ஓய்ந்த நகரின் நிர்வாகம் பற்றி எழுத அவரை அனுப்பினர். அங்கு சென்றபோது போர் ஓயவில்லை. யேர்மன் தளபதி வொன் அவுலொக் கோட்டையிலிருந்து சரணடைய மறுத்துப் போராடிக்கொண்டிருந்தார். அமெரிக்கப் படையின் 83ஆம் காலாட் பிரிவு கோட்டையைத் தாக்கியது. அங்கிருந்த ஒரே நிருபர் மில்லர். விதியின்படி அவர் உடனே திரும்பியிருக்க வேண்டும். அவரோ ஓகஸ்ட் 17ஆந் திகதி கோட்டை சரணடையும்வரை அங்கேயே தங்கினார். பதுங்குமிடமொன்றில் தன் காலின் கீழே துண்டிக்கப்பட்ட கையொன்று மிதிபட்டதையும், ஆத்திரத்தோடு அதனை எடுத்து வீதிக்கப்பால் வீசியெறிந்ததையும் அவர் ஒளிவுமறைவின்றி எழுதினார். வீரப்புகழ்ச்சி மலிந்த காலத்தில், சாட்சி சொல்பவரின் மனம் அடையும் சிதைவையும் சாட்சியத்தின் பகுதியாக்கிய எழுத்து இது.

கோட்டையின் மீது நிகழ்ந்த விமானத் தாக்குதலை அவர் எடுத்த படங்கள் தணிக்கையாளரால் தடுத்துவைக்கப்பட்டன. அப்போது இரகசியமாகப் பேணப்பட்ட நேப்பாம் எரிகுண்டின் பயன்பாடு அப்படங்களிற் பதிவாகியிருந்தமையே காரணம். படையினர் அவரை றென் நகரிற் சிலநாள் தடுத்தும் வைத்தனர். முன்னரங்கிற்குச் சென்றமை அவர்மேற் சுமத்தப்பட்ட குற்றம். அந்நகரிலேயே, யேர்மனியருடன் தொடர்புகொண்டதாகக் குற்றஞ்சாட்டப்பட்டுத் தலைமழிக்கப்பட்ட பெண்களின் விசாரணையையும் அவர் படம்பிடித்தார். விடுதலையின் கொண்டாட்டத்தினுள்ளே பெண்ணுடல்மீது நிகழ்ந்த தண்டனையையும் அவரது கருவி தவிர்க்கவில்லை.

1945 ஏப்பிரல்

பாரிஸ் மீட்கப்பட்ட பின் மில்லர் அல்சாஸ் வழியாகக் கடுங்குளிரிற் படைகளோடு முன்னேறி யேர்மனியுட் புகுந்தார். 1945 ஏப்பிரலில் லைப்சிக் நகரசபைக் கட்டடத்தில், நாற்சி அதிகாரி ஒருவரும் அவர் மனைவியும் மகளும் நஞ்சருந்தி இறந்து கிடந்த அறையை அவர் கண்டார். மகள் சாய்மனையிலே தலைசாய்த்துக் கிடக்கும் படம் ஓவியம்போன்ற ஒளியமைப்புடையது. அவளது பற்களின் அழகைப் பற்றியும் மில்லர் எழுதினார். இறந்தோரை அழகாகக் காணலாமா என்ற வினா இங்கு எழுகின்றது. அழகு அனுதாபத்தைக் கோருவதாயின், அவ்வனுதாபம் யாருக்குரியது? எளிய விடை இதற்கில்லை. ஆனால் அவர் இவ்வினாவை மறைக்கவில்லை என்பது கருதற்பாலது. ஆடவர் உடையில் வெற்றிக் களிப்பைத் தேடியவர்கள் அவ்வறையிற் கண்டதற்கும், ஒரு காலத்திற் சிலையாகவும் உருவமாகவும் நோக்கப்பட்ட பெண்ணொருத்தி அங்கு கண்டதற்கும் வேறுபாடு உண்டு.

அதே மாதத்தில் அவர் புக்கன்வால்ட் தடுப்பு முகாமைக் கண்டார். ஏப்பிரல் 30ஆந் திகதி, விடுவிக்கப்பட்டதன் மறுநாள், டகாவு முகாமுக்குட் சென்றார். உடல்கள் நிறைந்த புகையிரதப் பெட்டிகள், எரியூட்டிகளின் முன் குவிந்த எலும்புகள், மாறுவேடத்திற் பிடிபட்டு முன்னாட் கைதிகளால் அடிக்கப்பட்ட காவலரின் வீங்கிய முகங்கள், கால்வாய் நீரில் மிதக்கும் காவலனின் சடலம் ஆகியவற்றைப் பதிந்தார். இவை உண்மை என நம்பும்படி தம் ஆசிரியரை மன்றாடித் தந்தி அனுப்பினார்.

அத்தந்தியின் தேவையே சிந்திக்கத்தக்கது. முதலாம் உலகப்போர்க்காலப் பிரசாரத்திற் பல பொய்க் கொடுமைகள் பரப்பப்பட்டதால், மக்கள் கொடுமைச் செய்திகளை ஐயுறப் பழகியிருந்தனர். ஒளிப்படம் தானாகவே நம்பிக்கையைத் தருவதில்லை. அதற்குப் பின்னால் நின்று, நான் கண்டேன் எனச் சொல்லும் மனிதர் ஒருவர் தேவைப்படுகின்றார். 1945 யூன் மாதத்தில் அமெரிக்க ‘வோக்’ அவரது முகாம் படங்களை, நம்புங்கள் என்னும் பொருள்படும் தலைப்பின்கீழ் வெளியிட்டது. நன்றாக உண்டு வளர்ந்த யேர்மன் சிறுவரும் எரிந்த எலும்புகளும், ஒழுங்கான கிராமமும் ஒழுங்கான எரியூட்டிகளும் அடுத்தடுத்து வைக்கப்பட்டன. பிரித்தானியப் பதிப்போ வெற்றி மகிழ்ச்சியிற் திளைத்திருந்த வாசகருக்கு இவற்றை விரிவாகக் காட்டத் தயங்கி, சிறிய அளவிலேயே இடமளித்தது. அம்முடிவு குறித்து ஆசிரியர் விதேர்ஸ் பிற்காலத்தில் வருந்தினார். அவரோ மில்லரை எப்போதும் ஆதரித்தவர். நல்லெண்ணமுடையோரும் மௌனத்திற்குத் துணைபோக நேரும் என்பதற்கு இஃது எடுத்துக்காட்டு.

மில்லர் நடுநிலையாளரல்லர் என்பதையும் கூறியாக வேண்டும். யேர்மனியர் அனைவர்மீதும் அவர் கொண்ட வெறுப்பு அவரது எழுத்தில் வெளிப்படையாகத் தெரிகின்றது. வரலாற்று மாணவர் அதனைக் கணக்கிற்கொள்ள வேண்டும். ஆனால் வெறுப்பு வெளிப்படையாய் உள்ள சாட்சியத்தைச் சீர்தூக்குவது எளிது. நடுநிலை வேடமிட்ட சாட்சியமே பெரிதும் ஏமாற்றவல்லது.

குளியலறைப் படம்

டகாவுக்குச் சென்ற அதே நாளில் மில்லரும் ஷேர்மனும் மியூனிக் நகரில் ஹிட்லரின் வீட்டை அடைந்தனர். அங்கே ஹிட்லரின் குளியற் தொட்டியில் மில்லர் அமர்ந்திருக்க, ஷேர்மன் படமெடுத்தார். தொட்டியின் விளிம்பில் ஹிட்லரின் உருவப்படம். மறுபக்கத்தில் மேசைமீது சிறிய பெண்சிலை. தரையில் மில்லரின் சப்பாத்துகள். அவற்றிலிருந்த டகாவுச் சேறு வெண்ணிறக் கால்மிதியில் அழுக்காய்ப் படிந்திருக்கின்றது. அதே நாளில் பேர்லினில் ஹிட்லர் தற்கொலை செய்துகொண்டார்.

இப்படம் ஒழுங்குபடுத்தி எடுக்கப்பட்டது என்பதில் ஐயமில்லை. அக்காரணத்தால் இது வரலாற்றுச் சான்றாகாது என்பார் உளர். அக்கூற்று ஏற்புடையதன்று. ஒழுங்கமைத்த படம் நிகழ்ச்சிக்குச் சான்றாகாதெனினும், அதனை ஒழுங்கமைத்தோரின் எண்ணத்திற்குச் சான்றாகும். உடலையும் சிலையையும் உருவப்படத்தையும் அருகருகே வைத்தவர், முன்பு தானே சிலையாகவும் உருவப்படமாகவும் இருந்தவர். சேற்றுச் சப்பாத்துகளை முன்னே வைத்ததன் மூலம் டகாவு முகாமை அவ்வீட்டினுள் அவர் கொண்டுவந்து சேர்த்தார்.

பலரும் அறியாத செய்தி ஒன்றும் உண்டு. யூதரான ஷேர்மன் அதே தொட்டியிற் குளிப்பதை மில்லரும் படம்பிடித்தார். ஆனால் அழகிய பெண் தொட்டியில் அமர்ந்துள்ள படமே உலகெங்கும் பரவியது. அவர் எடுத்த படம் பின்னடைந்து, அவர் எடுக்கப்பட்ட படம் முன்வந்தது. காணப்பட்ட முகம் கண்ட கண்ணை மீண்டும் ஒருமுறை மறைத்துவிட்டது எனலாம்.

போர் முடிந்த பின்

போர் முடிந்ததும் நிருபர்கள் பலரும் வீடு திரும்பினர். மில்லர் திரும்பவில்லை. வியன்னாவிலே சிறுவர் வைத்தியசாலையொன்றில், மருந்தின்மையாற் குழந்தையொன்று இறப்பதை அருகிருந்து கண்டு, நகரில் இசைநாடகம் மீண்டும் தொடங்கியிருக்க மருந்து மட்டும் இல்லாத அவலத்தைச் சினத்தோடு எழுதினார். ஹங்கேரியில் 1946 சனவரியில் முன்னாட் பிரதமர் பார்தோசி சுட்டுக்கொல்லப்பட்டதைப் பதிந்தார். உருமேனியாவிலும் பயணஞ்செய்தார். போர் என்பது சமாதான உடன்படிக்கையுடன் முடிவதில்லை, பசியிலும் பழிவாங்கலிலும் அது தொடர்கின்றது என்பதை இப்படங்கள் காட்டின. ஆனால் சஞ்சிகை வாசகர் அதனைக் கேட்கும் மனநிலையில் இருக்கவில்லை.

1947இல் றோலண்ட் பென்றோஸை மணந்தார். அவ்வாண்டிலேயே மகன் பிறந்தார். 1949இல் குடும்பம் சசெக்ஸ் பகுதியிற் சிடிங்லி என்னும் கிராமத்துப் பண்ணை வீட்டிற் குடியேறியது. கடும் மனச்சோர்வும் மதுப் பழக்கமும் அவரை வருத்தின. களத்திலிருந்து திரும்பிய படைவீரரின் உளக்காயத்தையே சமூகம் சரிவர உணராத காலம் அது. பெண் நிருபர் ஒருவரின் உளக்காயத்திற்குப் பெயரே இருக்கவில்லை. 1953இல் ‘வோக்’ சஞ்சிகைக்கு நகைச்சுவை மிக்க கட்டுரையொன்றை எழுதியபின் அவர் தொழில்முறைப் பணியைக் கைவிட்டார். சமையற் கலையில் ஈடுபட்டுப் பரிசில்களும் பெற்றார். கணவர் 1966இல் ‘சேர்’ பட்டம் பெற்றதால் இவர் பென்றோஸ் சீமாட்டியானார். தம் படங்களைப் பற்றி விசாரித்தோரிடம் அவை பொருட்படுத்தத் தக்கனவல்ல எனக் கூறித் தட்டிக்கழித்தார். 1977 யூலை 21ஆந் திகதி புற்றுநோயாற் காலமானார்.

பரணிற் கிடந்த பெட்டிகள்

அவரது மறைவின் பின், மருமகள் கணவரின் குழந்தைக்காலப் படங்களைத் தேடிப் பண்ணை வீட்டின் பரணில் ஏறியபோது பெட்டிகள் பல கிடக்கக் கண்டார். அவற்றுள் ஏறத்தாழ 60,000 நெகற்றிவ்களும் படங்களும், தட்டச்சுப் பிரதிகளும், கடிதங்களும் இருந்தன. முதலிற் கைக்கெட்டியது சென் மாலோ முற்றுகை பற்றிய கட்டுரைப் பிரதி. அதனை வாசித்த மகன் அன்ரனி பென்றோஸ், இவ்வெழுத்து தம் தாயாருடையதுதானா என ஐயுற்றார். பெற்ற மகனுக்கே தாயின் வரலாறு தெரிந்திருக்கவில்லை. 1985இல் அவர் எழுதி வெளியிட்ட வாழ்க்கை வரலாற்று நூலின் பின்னரே மில்லரின் பெயர் ஆய்வாளரிடையே பரவியது. 2015இல் இலண்டன் பேரரசுப் போர் நூதனசாலை அவரது போர்க்காலப் படங்களுக்கெனத் தனிக் கண்காட்சி நடத்தியது. 2023இல் அவரது வாழ்க்கை திரைப்படமாகவும் வெளிவந்தது.

முடிவுரை

மேற்கூறியவற்றைத் தொகுத்து நோக்குமிடத்து, மில்லரின் சாட்சியம் நான்கு முறை மறைவுக்குள்ளானமை புலனாகும். தணிக்கை அதனைத் தடுத்தது. பதிப்பாசிரியரின் தயக்கம் அதனைச் சுருக்கியது. அவரது முகத்தின் புகழ் அதனை மறைத்தது. இறுதியாக அவரது சொந்த மௌனம் அதனைப் பரணில் ஏற்றியது. முதல் மூன்றும் பிறர் செய்தவை. நான்காவது, முதல் மூன்றும் சேர்ந்து அவருக்குக் கற்பித்த பாடம் என்று கொள்வதே பொருத்தமாகும்.

வரலாற்று மூலங்களை நாம் சுவடிக்கூடங்களிலும் அரச ஆவணங்களிலும் தேடிப் பழகியவர்கள். அவை அதிகாரத்திலிருந்தோர் காக்க விரும்பியவை. வீட்டுப் பரணிலும் பழைய தகரப் பெட்டியிலும், பேசாது இறந்த தாய்மாரின் கடிதக் கட்டுகளிலும் கிடப்பவை எவராலும் பட்டியலிடப்படாதவை. கறையானும் ஈரமும் நெருப்பும் அவற்றுக்குக் காத்திருக்கின்றன. மில்லரின் பெட்டிகள் தப்பியது ஒரு தற்செயல். தற்செயலை நம்பி வரலாறு எழுத முடியாது.

தீர விசாரிப்பதே மெய் என்ற பழமொழிக்கு மீள்வோம். விசாரணை தொடங்குமிடம், கண்டவர் உயிரோடிருக்கும்போதே அவரிடஞ் சென்று, நீங்கள் என்ன கண்டீர்கள் எனக் கேட்பதாகும். பண்ணை வீட்டுச் சமையலறையில் நின்ற அப்பெண்மணியிடம் அவ்வினாவை வினவியோர் மிகச் சிலரே; விடைக்காக அமர்ந்து காத்திருந்தோர் அவரிலுஞ் சிலர். அத்தகையோர் நம் வீடுகளிலும் இருக்கக்கூடும் என்பதை வரலாறு பயிலும் நாம் மறத்தலாகாது.